மணல் அனுமதிப்பத்திரத்துக்கு அப்பால் ஒரு நாட்டிற்குப் புவிச்சரிதவியல் அளவை எதற்கு?

கேள்வி: உவர்மலை ஆசிரியை

அனைவருக்கும் வணக்கம். திருகோணமலை நகரப் பாடசாலையொன்றில் உயர்தர மாணவர்களுக்குப் புவியியல் கற்பிக்கிறேன். இலங்கையின் பாறைத் தொகுதிகளைப் பற்றிய பாடத்தில் புவிச்சரிதவியல் அளவை மற்றும் சுரங்கப் பணியகத்தின் பெயர் வந்தபோது, கிண்ணியாவிலிருந்து வரும் மாணவர் ஒருவர், "அது மணல் பெர்மிட் கொடுக்கிற கந்தோர்தானே, மிஸ்" என்றார். வகுப்பில் வேறு எவரும் அதற்குமேல் எதுவும் சொல்லவில்லை. நம் மாவட்டத்தில் பெரும்பாலானோருக்கு அந்தப் பணியகம் அறிமுகமாகியிருப்பது டிப்பர், கற்குவாரி, அனுமதிப்பத்திரம் ஆகியவற்றின் வழியாக மட்டுமே என்பதால் மாணவரைக் குறை சொல்வதற்கில்லை.

எனக்கு இரண்டு ஐயங்கள் உள்ளன. மணலுக்கும் கருங்கல்லுக்கும் அனுமதி வழங்குவதுதான் வேலை என்றால் அதைச் சாதாரண நிர்வாக அலுவலகம் ஒன்றே செய்துவிடலாம்; அப்படியிருக்க, பாறைகளை ஆராயும் ஓர் அறிவியல் நிறுவனத்தை மக்களின் வரிப்பணத்தில் நடத்துவதற்கு என்ன காரணம்? அடுத்தது, அனுமதி வழங்கி அதற்கான கட்டணத்தையும், அகழ்ந்த கனிமத்துக்கு அரசுக்குச் செலுத்தும் பங்கான ரோயல்டியையும் பெற்றுக்கொள்ளும் அதே நிறுவனம், நிலத்தின் உண்மை நிலையை நமக்குச் சொல்லும் இடமாகவும் இருப்பது முறையா? துறை அறிந்தவர்கள் விளக்கினால் மாணவர்களிடம் கொண்டுசெல்வேன்.

பதில்: கொட்டியாரக்கரையான்

ஆசிரியை அவர்களுக்கு வணக்கம். பாறை வரைபடப் பணியில் இருந்து ஓய்வு பெற்றவன் என்ற முறையில் முதல் ஐயத்திற்குச் சற்று விரிவாகவே பதில் எழுதுகிறேன். இரண்டாவதை விடயம் அறிந்த மற்றவர்களுக்கு விடுகிறேன்.

இத்தகைய நிறுவனங்கள் பொதுநலம் கருதித் தோன்றியவை அல்ல என்பதை முதலில் சொல்லிவிட வேண்டும். பிரித்தானியாவில் 1835இல் ஹென்றி டி லா பெச் தலைமையில் ஆரம்பித்த அளவைக்கும், 1851இல் கல்கத்தாவுக்கு வந்த தோமஸ் ஓல்டாம் உருவாக்கிய இந்திய அளவைக்கும், 1879இல் அமெரிக்க நாடாளுமன்றம் நிறுவிய அளவைக்கும் பின்னால் இருந்த முதன்மையான ஆர்வம் நிலக்கரியும் உலோகங்களுமே. இலங்கையிலும் அப்படித்தான். 1903இல் இங்கே கனிப்பொருள் அளவை தொடங்கப்பட்டபோது அதன் முதற் பணிப்பாளராக இருந்தவர், பின்னாளில் கலை வரலாற்றாசிரியராக உலகப் புகழ்பெற்ற ஆனந்த குமாரசுவாமி. தோரியமும் யுரேனியமும் அடங்கிய தோரியனைட் என்னும் கனிமம் 1904இல் அறிவியல் உலகுக்குத் தெரியவந்தது அவர் இந்த மண்ணில் சேகரித்த மாதிரிகளாலேயே. நடராசர் சிற்பத்தைப் பற்றி எழுதியவராக மட்டும் அவரை அறிந்திருக்கும் நம் மாணவர்களுக்கு இந்தப் பக்கத்தையும் நீங்கள் காட்டலாம்.

தேடப்பட்டது செல்வம்தான் என்றாலும், தேடிய முறை வேறொன்றைப் பெற்றுத் தந்தது. பாறை வரைபடம் எப்படி உருவாகிறது என்பதைச் சொன்னால் இது விளங்கும். களத்துக்குச் செல்பவர் ஓடைப் படுக்கைகளிலும் வீதி வெட்டுகளிலும் வெளித்தெரியும் பாறைகளை ஒவ்வொன்றாகப் பார்த்து, அவற்றின் படைகள் எந்தத் திசையில் ஓடுகின்றன, எந்தப் பக்கம் எவ்வளவு பாகை சாய்ந்திருக்கின்றன என்பதைத் திசைகாட்டியால் அளந்து, மாதிரியை உடைத்து எடுத்துவந்து, ஒளி ஊடுருவும் அளவுக்கு மெல்லியதாகத் தேய்த்து நுணுக்குக்காட்டியில் பார்க்கிறார். பாறை மண்ணுக்குள் மறைந்திருக்கும் இடத்தில், இருபுறமும் கண்டவற்றைக்கொண்டு இடையில் என்ன இருக்கக்கூடும் என்று அனுமானிக்கிறார். இப்படி வரைந்த கோடுகள் 1:100,000 அளவுத்திட்டத்தில், அதாவது நிலத்தின் 1 கிலோமீற்றர் தாளில் 1 சென்ரிமீற்றராக, ஒரு வரைபடமாகின்றன.

உங்கள் கேள்விக்கான விடை இந்தத் தாளில் இருக்கிறது. ஒரு தனியார் நிறுவனமும் தனக்குத் தேவையான இடத்தில் வரைபடம் தயாரிக்கும். ஆனால் அதன் கோடுகள் அனுமதி எல்லையோடு நின்றுவிடும். விலைபோகும் கனிமம் எதுவும் இல்லாத பற்றைக்காட்டையும் வயல்வெளியையும் குடியிருப்பையும் இலாபம் தேடுபவர் எவரும் தன் காசில் அளக்க மாட்டார். ஆனால் பாலத்துக்கு அத்திவாரம் இடுபவருக்கும், குழாய்க்கிணறு தோண்டுபவருக்கும், குப்பை கொட்டும் இடத்தைத் தெரிவு செய்யும் நகரசபைக்கும் அந்த 'ஒன்றுமில்லாத' இடத்தின் தகவல்தான் வேண்டும். நாடு முழுவதையும் ஒரே முறையில், ஒரே குறியீட்டில் அளந்து, ஒரு தலைமுறைக்குப் பின் வருபவருக்கும் கிடைக்குமாறு பாதுகாத்து வைப்பதற்கு அரசைத் தவிர வேறு ஆள் இல்லை.

நம் மாவட்டத்தை எடுத்துக்கொள்ளுங்கள். கோணேசர் கோயில் நிற்கும் சுவாமி மலையின் பாறை, நாட்டின் நடுவே ஓடும் மேட்டுநிலத் தொகுதியைச் சேர்ந்தது. ஏறத்தாழ 550 முதல் 610 மில்லியன் ஆண்டுகளுக்கு முன், கொண்டுவானாப் பெருங்கண்டம் ஒன்றுசேர்ந்த காலத்தில், ஆழத்தில் வெந்து உருமாறியது. தெற்கே போகும்போது இத்தொகுதி கிழக்கிலுள்ள விஜயன் தொகுதியைச் சந்திக்கிறது. அந்த எல்லையை ஒட்டியே சேருவிலப் பக்கத்தில் செம்பும் மக்னடைட் இரும்பும் கலந்த கனிமப் படிவை 1971இல் அன்றைய புவிச்சரிதவியல் திணைக்களத்தினர் கண்டறிந்தார்கள். நாட்டின் வெந்நீரூற்றுகளில் பெரும்பாலானவை இந்த எல்லையின் அயலிலேயே வரிசையாக அமைந்திருக்கின்றன. கன்னியாவில் வெந்நீர் ஏன் என்று கேட்கும் பிள்ளைகள் பலர் எரிமலை என்று நினைத்துக்கொள்கிறார்கள். மழைநீர் பாறை வெடிப்புகளின் வழியே மிக ஆழத்துக்கு இறங்கி, அங்குள்ள இயல்பான வெப்பத்தால் சூடேறி, குளிர்வதற்குள் வேறொரு வெடிப்பின் வழியாக மேலே வந்துவிடுவதே காரணம்; எரிமலைக்கு இதில் எந்தப் பங்கும் இல்லை.

வடக்கே புல்மோட்டையில் கடற்கரை மணலே கனிமம். உள்நாட்டுப் பாறைகள் சிதைந்து கடலைச் சேர்ந்த துணிக்கைகளை வடகீழ்ப் பருவக்காற்றின் அலைகள் கரையில் ஒதுக்கும்போது இலேசான துணிக்கைகள் அடித்துச் செல்லப்பட்டு, பாரமான இல்மனைட், ரூட்டைல், சிர்கோன் ஆகியவை கறுத்த படையாகத் தங்கிவிடுகின்றன. 1957இல் இதற்கென அரச கூட்டுத்தாபனம் அமைக்கப்பட்டது. வெள்ளைப் பெயின்ற்றுக்கு நிறம் கொடுக்கும் தைத்தானியம் ஒட்சைட்டுக்கு இல்மனைட்டே மூலப்பொருள். அதை இன்றுவரை பெரும்பாலும் மூலப்பொருளாகவே ஏற்றுமதி செய்துகொண்டிருக்கிறோம் என்பது வேறு ஆதங்கம்.

பதில்: மாவலிக்கரை வியாபாரி, கிண்ணியா

அஸ்ஸலாமு அலைக்கும். பெரியவர் எழுதியதை விருப்பத்துடன் படித்தேன். ஆனால் மணலில் பிழைப்பவர்களின் பக்கத்திலிருந்தும் ஒரு சொல் சொல்ல வேண்டியிருக்கிறது.

எங்களைப் பொறுத்தவரை அந்தப் பணியகம் அனுமதிப்பத்திரம் கொடுக்கும் கந்தோர்தான். அந்த மாணவர் சொன்னதில் பிழை இல்லை. 1992ஆம் ஆண்டின் 33ஆம் இலக்கச் சட்டத்தின்படி நிலத்தடிக் கனிமம் அரசுக்குச் சொந்தம். அகழ்வதற்கு ஓர் அனுமதி, ஏற்றிச் செல்ல இன்னோர் அனுமதி, வாங்கி விற்க வேறோர் அனுமதி. இதற்கிடையில் பிரதேச செயலகம், சுற்றாடல் அதிகாரசபை என்று இடத்துக்கேற்பப் பல மேசைகளைத் தாண்ட வேண்டும். நேர்மையாகத் தொழில் செய்பவர் கோப்பைத் தூக்கிக்கொண்டு அலையும்போது, எந்த அனுமதியும் இல்லாதவரின் உழவு இயந்திரம் இரவில் ஆற்றுக்குள் இறங்கிவிடுகிறது.

எனக்கு வேண்டியது ஆற்றின் கணக்கு. மாவலியின் மேற்பகுதியில் 1980களில் கொத்மலை, விக்டோரியா, ரந்தெனிகல அணைகள் கட்டப்பட்ட பின், முன்பு வெள்ளத்தோடு வந்த மணலில் ஒரு பங்கு அந்த நீர்த்தேக்கங்களின் அடியிலேயே தங்கிவிடுகிறது. கீழே மூதூருக்கும் கிண்ணியாவுக்கும் இடையில் நாங்கள் அள்ளுவது எஞ்சியதையும், பழைய காலத்தில் படிந்த இருப்பையும். ஆண்டுக்கு எத்தனை கியூப் வருகிறது, எத்தனை கியூப் போகிறது என்று ஒவ்வொரு மாரிக்குப் பின்னும் அளந்து, இந்த வருடம் இந்த இடத்தில் இவ்வளவுதான் என்று பிரதேச செயலகத்தின் பலகையில் ஒட்டினால், குறைவாக இருந்தாலும் ஏற்றுக்கொள்ளலாம். அதற்குத்தானே பெரியவர் சொன்ன அறிவியல் உதவ வேண்டும்? ஆற்றில் மணல் குறைந்தால் படுக்கை தாழ்ந்து, கடல்நீர் மேலேறி, கரையோரக் கிணறுகள் உவராகின்றன என்பதைச் சொல்ல எங்களுக்கு எவரும் வர வேண்டியதில்லை. எத்தனை அள்ளினால் அது நடக்கும் என்பதைச் சொல்லத்தான் ஆள் வேண்டும்.

அளப்பதற்கு ஒரு நிறுவனம், அனுமதிக்கு இன்னொன்று என்று பிரித்துவிடலாம் என யோசிப்பவர்களுக்கு ஒரு விண்ணப்பம்: எங்களுக்கு மேசையின் எண்ணிக்கையைக் கூட்டிவிடாதீர்கள்.

பதில்: கிணற்றடி

ஆசிரியை அவர்களே, குடிநீர்ப் பரிசோதனையோடு தொடர்புடைய பணியில் இருக்கிறேன். புவிச்சரிதவியல் அளவை ஒன்று சமூகத்துக்கு எவ்வளவு கடமைப்பட்டது என்ற கேள்வி நீதிமன்றம் வரை போன சம்பவம் ஒன்று உண்டு. அதை மாணவர்களுக்குச் சொல்வது பயன்படும் என்று நினைக்கிறேன்.

பங்களாதேஷில் குளத்துநீரைக் குடித்து வயிற்றோட்டத்தால் குழந்தைகள் இறப்பதைத் தடுப்பதற்காக, 1970களிலிருந்து பெருந்தொகையான குழாய்க்கிணறுகள் இறக்கப்பட்டன. 1992இல் பிரித்தானியப் புவிச்சரிதவியல் அளவை அங்கே சில பகுதிகளில் நிலத்தடி நீரின் இரசாயனத் தன்மையை ஆராய்ந்தது. பல மூலகங்களுக்குச் சோதனை செய்த அந்த ஆய்வில் ஆர்சனிக் சேர்க்கப்படவில்லை. அடுத்த ஆண்டிலேயே ஆர்சனிக் நஞ்சு இருப்பது தெரியவந்தது. பாதிக்கப்பட்ட கிராமவாசி ஒருவர், அந்த அறிக்கை நீர் பாதுகாப்பானது என்ற எண்ணத்தை அதிகாரிகளிடம் ஏற்படுத்திவிட்டது என்று இலண்டனில் வழக்குத் தொடுத்தார். 2006இல், அன்று பிரித்தானியாவின் இறுதி மேன்முறையீட்டு மன்றமாக இருந்த பிரபுக்கள் சபை அதைத் தள்ளுபடி செய்தது: நீர் குடிப்பதற்கு ஏற்றதா என்று சோதிக்கும் பொறுப்பை அந்த நிறுவனம் ஏற்றிருக்கவில்லை, ஆகவே அக்கிராமத்தவருக்கு அது சட்டக் கடமை எதுவும் பட்டிருக்கவில்லை என்பதே காரணம்.

சட்டப்படி அது சரியாக இருக்கலாம். எனக்கு இன்றும் உறுத்துவது வேறு. அதே நிறுவனம் பின்னர் பங்களாதேஷின் பொதுச் சுகாதாரப் பொறியியல் திணைக்களத்துடன் சேர்ந்து 3,534 கிணறுகளைச் சோதித்து, ஆழங்குறைந்த குழாய்க்கிணறுகளில் 27 வீதமானவற்றில் ஆர்சனிக் லீற்றருக்கு 50 மைக்கிரோகிராம் என்ற அந்நாட்டு எல்லையைத் தாண்டியிருப்பதை 2001இல் வெளியிட்டது. நாடு முழுவதுக்குமான ஆர்சனிக் வரைபடம் அப்போதுதான் கிடைத்தது. இதைச் செய்யும் ஆற்றல் உலகில் முன்பே இருந்தது. கேட்கப்பட்ட கேள்விதான் வேறாக இருந்தது.

நமக்கு இதில் என்ன? நமது உலர்வலயத்தின் பல பகுதிகளில் கிணற்றுநீரில் புளோரைட் கூடுதலாக உள்ளது. எவரும் கொண்டுவந்து கொட்டியதல்ல. பயோடைட், ஹோர்ன்பிளெண்ட், அபடைட் போன்ற கனிமங்கள் அடங்கிய பாறையிலிருந்தே அது கரைகிறது. மழை குறைந்து ஆவியாதல் கூடிய நிலத்தில் அதன் செறிவு ஏறுகிறது. உலகச் சுகாதார நிறுவனத்தின் வழிகாட்டி அளவு லீற்றருக்கு 1.5 மில்லிகிராம். அதைத் தாண்டிய நீரைச் சிறுவயதிலிருந்து குடித்த பிள்ளைகளின் பல்லில் பழுப்புக் கறை நிரந்தரமாகப் படிகிறது. இன்னும் கூடினால் எலும்பையும் தாக்கும். கொதிக்க வைத்தால் சரியாகிவிடும் என்று பல வீடுகளில் நம்புகிறார்கள். கொதிக்க வைத்தால் கிருமி சாகும். புளோரைட் குறையாது, நீர் வற்றுமளவுக்கு அதன் செறிவு கூடவே செய்யும்.

ஒரு வளவில் நல்ல நீர், அடுத்த வளவில் கூடாத நீர் என்ற நிலை பாறை மாறுவதால் வருகிறது. கிணறு தோண்டுமுன் பாறை வரைபடத்தைப் பார்த்தால் எங்கே சோதனையைக் கட்டாயம் செய்ய வேண்டும் என்பதை முன்கூட்டியே ஊகிக்கலாம். நிலத்தடி நீர் நம் நாட்டில் நீர்வள சபையின் பொறுப்பு, பாறை இன்னொரு நிறுவனத்தின் பொறுப்பு, பல்லைப் பார்ப்பது சுகாதாரத் திணைக்களம். நீர் இந்தப் பிரிவினைகளை அறியாது. எந்த நீர் அறிக்கையைக் கையில் எடுத்தாலும், எவை சோதிக்கப்படவில்லை என்ற வரியைத் தேடிப் பாருங்கள் என்று மாணவர்களுக்குச் சொல்லிக்கொடுங்கள்.

பதில்: நிலாவெளி வழக்குரைஞர்

இரண்டாவது ஐயத்துக்கு வருகிறேன். அளப்பவரும் அனுமதிப்பவரும் ஒருவராக இருப்பதால் வரும் சங்கடம் கற்பனையானதல்ல. அமெரிக்காவில் கடலடி எண்ணெய் அகழ்வுக்கு அனுமதி வழங்குவதையும், அதற்கான ரோயல்டியை அறவிடுவதையும், பாதுகாப்பைக் கண்காணிப்பதையும் 1982 முதல் ஒரே நிறுவனம் செய்துவந்தது. 2010இல் மெக்சிக்கோ வளைகுடாவில் எண்ணெய்க் கிணறு வெடித்து மாதக்கணக்கில் கடலில் எண்ணெய் கலந்த பின், வருமானம் தேடும் கையும் கண்காணிக்கும் கையும் ஒன்றாக இருந்தமை கடுமையாக விமர்சிக்கப்பட்டு, அந்நிறுவனம் மூன்றாகப் பிரிக்கப்பட்டது. இந்தியாவிலும் புவிச்சரிதவியல் அளவை அகழ்வு அனுமதி வழங்குவதில்லை.

இங்கே அப்படிப் பிரிக்க வேண்டுமா என்பதில் கிண்ணியா நண்பரின் தயக்கம் எனக்குப் புரிகிறது. பிரிப்பதைவிட முக்கியமானது, அளந்ததை வெளியிடச் செய்வது. இதை நம் உயர் நீதிமன்றமே சொல்லியிருக்கிறது. அனுராதபுர மாவட்டத்தின் எப்பாவல பொஸ்பேற்றுப் படிவு 1971இல் புவிச்சரிதவியல் திணைக்களத்தால் கண்டறியப்பட்டது. 1990களில் அதை வெளிநாட்டுக் கூட்டு நிறுவனமொன்றுக்குப் பெருமளவில் அகழக் கொடுக்க அரசு முற்பட்டபோது, அவ்வூர் விவசாயிகளும் விகாராதிபதி ஒருவருமாக ஏழு பேர் அடிப்படை உரிமை மனுத் தாக்கல் செய்தார்கள். 2000ஆம் ஆண்டு ஜூனில் வழங்கப்பட்ட தீர்ப்பு, புவிச்சரிதவியல் அளவை மற்றும் சுரங்கப் பணியகம், தேசிய விஞ்ஞானக் கழகத்தையும் தேசிய விஞ்ஞான மன்றத்தையும் கலந்தாலோசித்து, படிவின் இடம், அளவு, தரம் ஆகியவற்றை முழுமையாக ஆராய்ந்து, அதன் முடிவுகளை வெளியிடும் வரையிலும், சுற்றாடல் அனுமதி சட்டப்படி பெறப்படும் வரையிலும் எந்த ஒப்பந்தமும் செய்யக்கூடாது என்று கட்டளையிட்டது.

முதலில் அளவை, பிறகு வெளியீடு, அதன் பின்னரே ஒப்பந்தம் என்ற இந்த வரிசையில் 'வெளியீடு' என்பதையே நான் அடிக்கோடிடுவேன். மன்னாரில் கனிய மணல் ஆய்வுக்கு எதிராக மக்கள் வீதிக்கு வந்ததைப் பார்த்தோம். துளையிட்டு எடுத்த மணலில் என்ன கிடைத்தது, நன்னீர்ப் படை எந்த ஆழத்தில் இருக்கிறது என்ற விவரங்கள் தமிழில், ஊர்மக்கள் வாசிக்கும் இடத்தில் இருந்திருந்தால் எதிர்ப்பு இல்லாமல் போயிருக்கும் என்று நான் கூறவில்லை. ஆனால் பேச்சு வதந்தியில் தொடங்காமல் விவரத்தில் தொடங்கியிருக்கும்.

உவர்மலை ஆசிரியை

நால்வருக்கும் நன்றி. இவ்வளவு எதிர்பார்க்கவில்லை. இன்னும் ஒன்று: 2004 சுனாமியைப் பற்றி மாணவர்கள் கேட்பதுண்டு. நிலநடுக்கத்தை அளக்கும் பொறுப்பும் இந்தப் பணியகத்திடம்தான் இருக்கிறது என்றால், அன்று ஏன் ஒருவரும் சொல்லவில்லை? எங்கள் பகுதியின் வரைபடத்தை வகுப்புக்கு எப்படிப் பெறலாம் என்றும் கூறினால் உதவியாக இருக்கும்.

பதில்: கொட்டியாரக்கரையான்

நில அதிர்வுகளைப் பதிவது பணியகத்தின் பொறுப்பே. கண்டிக்கு அருகே பல்லேகலையில் உள்ள நிலையம் உலகளாவிய வலையமைப்பின் ஓர் அங்கமாக 2004க்கு முன்பே இயங்கியது. மகாகனதராவ, ஹக்மன, புத்தங்கல ஆகிய இடங்களிலும் இப்போது நிலையங்கள் உள்ளன. சுமாத்திராவில் நிலம் அதிர்ந்ததற்கும் நம் கிழக்குக் கரையை அலை அடைந்ததற்கும் இடையில் ஒன்றரை மணி நேரத்துக்கு மேல் இருந்தது. இல்லாதிருந்தது அதிர்வைக் கரையோர வீட்டின் கதவைத் தட்டும் செய்தியாக மாற்றும் ஏற்பாடு. அன்று இந்து சமுத்திரத்துக்கே சுனாமி எச்சரிக்கை முறை இருக்கவில்லை. 2005ஆம் ஆண்டின் 13ஆம் இலக்க அனர்த்த முகாமைத்துவச் சட்டம் அதன் பின்னரே வந்தது. இன்று சுனாமி எச்சரிக்கையை விடுப்பது வளிமண்டலவியல் திணைக்களம். அதை ஊர்களுக்குக் கொண்டுசெல்வது அனர்த்த முகாமைத்துவ நிலையம். மண்சரிவைப் பார்ப்பது தேசிய கட்டட ஆராய்ச்சி நிறுவனம். யார் எதைச் செய்கிறார்கள் என்பதை ஓர் அட்டவணையாக வகுப்பில் போட்டுவிடுங்கள், ஏனெனில் பெரியவர்களுக்கே இதில் குழப்பம் இருக்கிறது.

வரைபடத்துக்கு, பிட்டகோட்டையில் உள்ள தலைமை அலுவலகத்துக்குப் பாடசாலைத் தலைப்புக் கடிதத்தில் அதிபரின் கையொப்பத்துடன் எழுதுங்கள். 1:100,000 வரிசையில் திருகோணமலை அடங்கும் தாளைக் கேளுங்கள். அச்சிட்ட வரைபடத்துக்குக் கட்டணம் இருக்கும்.

பதில்: நிலாவெளி வழக்குரைஞர்

வரைபடத்தோடு, உங்கள் பிரதேச செயலகப் பிரிவில் நடைமுறையிலுள்ள அகழ்வு மற்றும் ஆய்வு அனுமதிகளின் பட்டியலையும் கேட்க விரும்பினால், 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின்கீழ் பணியகத்தின் தகவல் அலுவலருக்குத் தனியாக விண்ணப்பியுங்கள். தமிழிலேயே எழுதலாம், காரணம் கூறத் தேவையில்லை. 14 வேலை நாட்களுக்குள் தருவதா மறுப்பதா என்ற முடிவு உங்களுக்குத் தெரிவிக்கப்பட வேண்டும். வணிக இரகசியம் என்று மறுத்தால், பொதுநலன் மேலோங்கும் இடத்தில் அந்த விலக்கு செல்லாது என்பதைச் சுட்டி, மேன்முறையீட்டை விசாரிக்கும் 'குறித்தளிக்கப்பட்ட அலுவலருக்கு' 14 நாட்களுக்குள் மேன்முறையீடு செய்யுங்கள். விண்ணப்பம் கிடைத்ததற்கான ஒப்புகைச் சீட்டை மறவாமல் பெற்றுக்கொள்ளுங்கள். நாட்கணக்கு அதிலிருந்துதான் ஓடும்.